கற்கோடரிக்காரருக்கு ஒரு பூசை

1962இல் சிங்கப்பூரின் ஜூரோங் குன்றுகளை வெட்டிச் சதுப்பு நிலத்தை நிரப்பிய லாரிக்காரர்களில் ஃபேரர் பார்க் இஞ்ஞாசியும் ஒருவர். அந்த வட்டாரத்தின் சரித்திரத்தை அவர் படிக்கவில்லை, லாரியில் ஏற்றினார். குன்றின் உச்சியில் ரப்பர் வேர் வந்தது. அதற்குக் கீழே, தோல் பதனிடும் சாறுக்காகச் சீனர்கள் கம்பீர் இலை காய்ச்சிய அடுப்புக்கரி. அதற்கும் கீழே, யாரோ தின்று போட்ட சிப்பிக் குவியல். வந்த வரிசையிலேயே அவர் கொட்டியதால், புதியது அடியிலும் பழையது மேலேயுமாகச் சரித்திரம் குப்புறப் படுத்துக்கொண்டது. பார்வையிட வந்த அதிகாரிகள், இங்கே முன்பு ஒன்றுமே இல்லை என்றார்கள். இஞ்ஞாசியும் மரியாதையாகத் தலையாட்டினார்.

அக்டோபரில் ஒரு நாள், கொட்டிய மண்ணில் வழவழப்பான கற்கோடரி ஒன்று தெரிந்தது. பக்கத்திலேயே ஒரு கை எலும்பு. அவர் கத்துவதற்குள் அடுத்த லாரி அதன்மேல் மண்ணைச் சரித்துவிட்டது. வேலையை மேற்பார்க்கும் மண்டோர் ஜலாலுதீனிடம் ஓடினார்.

"கல்லைக் கோடாலியாக்குன ஆளு, நபிமாருக்கெல்லாம் முந்தி செத்தவரு. இன்னைக்கு என்ன அவசரம் லா? அடுத்த நடைக்குப் போங்க!"

அன்றிலிருந்து காலி லாரியின் பின்பலகையை யாரோ தட்டினார்கள். நிறுத்தினால் நிற்கும், கிளம்பினால் தட்டும். இப்படியே போனால் வேலை முதலில் போகுமா, புத்தி முதலில் போகுமா என்பதுதான் அவருக்குத் தெரியவில்லை.

கல்லறைத் திருநாளுக்கு முந்தின நாள். பூசையில் வாசிக்க இறந்தவர்களின் பெயர்களைக் கோயில் உபதேசியார் அருளானந்தம் எழுதிக்கொண்டிருந்தார்.

"யாருக்கு?"

"பேர் தெரியாதுங்க. ஜூரோங்காரரு."

"ஞானஸ்நானம் வாங்குனவரா?"

"சேசுநாதர் பொறக்குறதுக்கு முந்தியே போய்ட்டாருங்க."

"யோவ், பேர் இல்லாம எப்படி வாசிக்கிறது? பின்னால எத்தனை பேர் நிக்கிறாங்க பாரு!"

"அப்போ என் பேரையே போடுங்க. அவருக்குக் குடுத்துட்டேன்."

வரிசை வாசல்வரை நீண்டிருந்தது. உபதேசியார் எழுதிவிட்டார்.

மறுநாள் பூசையில் சந்தியாகு, ரோசம்மாள் பெயர்களுக்குப் பிறகு இஞ்ஞாசி என்று வாசித்தார்கள். மனைவி பிலோமினம்மாள் அவர் தொடையைக் கிள்ளினாள்.

"உசிரோட குத்துக்கல்லாட்டம் இருக்கிற மனுஷனுக்கு எவன் பூசை குடுத்தான்?"

"சும்மா இரு. அது நான் இல்ல."

கோயில் முழுவதும் இஞ்ஞாசிக்கு நித்திய இளைப்பாற்றி கேட்டது. அவரும் கேட்டார்.

அடுத்த நாள் தட்டல் இல்லை. லாரி அத்தனை அமைதியாக ஓடியது.

"இஞ்ஞாசி! லாரியை எடுங்க!" மண்டோர் மூன்று முறை கூப்பிட்டார்.

இஞ்ஞாசி அசையவில்லை. முதலில் பின்பலகைப் பக்கமிருந்து பதில் வருகிறதா என்று காத்திருந்தார்.