திருப்புளியில் மட்டும் கேட்ட காது

எங்கள் அத்தானுக்குத் தெரு வைத்த பெயர் ஸ்டெதஸ்கோப். அக்கா புருஷன். பெரிய தெருவின் மூலையில் தகரக் கொட்டகை போட்டு ஸ்கூட்டர், மோட்டார் சைக்கிள், நான் ஓட்டுகிற பள்ளிக்கூட வேன் எல்லாவற்றையும் பழுது பார்க்கிறவர். எந்த வண்டி வந்தாலும் முதலில் ஸ்டார்ட் பண்ணச் சொல்வார். பிறகு ஒரு நீளமான திருப்புளியை எடுத்து, அதன் நுனியை என்ஜின்மேல் வைத்து, மரப்பிடியை வலது காதுக்குப் பின்னால் இருக்கிற எலும்பில் அழுத்திக்கொண்டு கண்ணை மூடிவிடுவார். கொஞ்ச நேரம் கழித்து, "பேரிங் போச்சு" என்பார். கழற்றிப் பார்த்தால் பேரிங் போயிருக்கும்.

அக்காவுக்குக் கல்யாணம் ஆனதே அந்தக் காதால்தான். எங்கள் அப்பாவின் ஸ்கூட்டர் கடகடவென்று சத்தம் போட, அத்தானை வீட்டுக்கே கூப்பிட்டிருந்தார்கள். வாசலில் வண்டியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். என் அக்காவுக்கு மெல்லிய குரல். பக்கத்தில் இருப்பவருக்கே பாதிதான் கேட்கும். அவள் குரலையும் சேர்த்து நான் வாங்கி வந்துவிட்டேன் என்று அம்மா திட்டுவாள். ஜன்னலுக்குப் பின்னால் நின்றுகொண்டு அக்கா என்னிடம், "இவர் வண்டியைச் சரி பண்ணப் போறாரா, இல்ல கட்டிக்கிட்டுத் தூங்கப் போறாரா?" என்று முணுமுணுத்தாள். ஓடுகிற வண்டியின் இரைச்சலில் எனக்கே அரைகுறையாகத்தான் கேட்டது. அந்த மனிதர் திரும்பிக்கூடப் பார்க்காமல், "சரி பண்ணிட்டுத்தாங்க தூங்குவேன்" என்றார். அக்கா முகம் போன போக்கைப் பார்க்கணுமே! கொஞ்ச நாளில் அவர் வீட்டிலிருந்து பெண் கேட்டு வந்தார்கள்.

அதன் பிறகு இத்தனை வருஷமும் அவர்கள் வீட்டு வழக்கம் ஒன்றுதான். அத்தான் கொட்டகையைப் பூட்டிவிட்டு வந்து, கை கழுவி, சமையலறை ஸ்டூலில் உட்காருவார். அக்கா பாத்திரம் கழுவிக்கொண்டே அன்றைக்கு நடந்ததையெல்லாம் சொல்வாள். குழாய் ஒருபக்கம் கொட்டும், தட்டு ஒருபக்கம் இடிக்கும், அதற்கு நடுவில் அந்தக் குரல். மாடியில் குடியிருக்கிற நான் இறங்கி வந்து நின்றால் எனக்கு ஒரு வார்த்தை பிடிபடாது. அவர் மட்டும் 'ம்' கொட்டிக்கொண்டிருப்பார், சரியான இடத்தில் சிரிப்பார். எனக்குப் பொறாமையாகக்கூட இருக்கும்.

அப்படிப்பட்டவருக்கு ஒரு மழைக்காலத்தில் சளி பிடித்தது. சளி போய்விட்டது. வலது காது மட்டும் அடைத்தபடியே நின்றது.

முதலில் சாதாரணமாகத்தான் சொன்னார். "எச்சில் முழுங்கினா உள்ள பட்டுனு ஏதோ உடையுது. தலையைச் சாய்ச்சா தண்ணி ஆடுற மாதிரி இருக்கு." பேசினால் தன் குரலே தலைக்குள் முழங்குகிறது என்று மெதுவாகப் பேச ஆரம்பித்தார். அக்காவுக்குக் குரல் கிடையாது, இவரும் குறைத்துக்கொண்டார். ஒரு வீட்டில் இரண்டு பேர் ரகசியம் பேசிக்கொள்வதுபோல இருந்தது, ஆனால் ஒருவர் சொன்னது இன்னொருவருக்குப் போய்ச் சேரவில்லை.

"அத்தான், உங்களுக்குக் காது மந்தமாயிடுச்சு. டாக்டர்கிட்ட போங்க" என்றேன் நான்.

"யாருக்கு? எனக்கா? வா, காட்டறேன்" என்று என்னைக் கொட்டகைக்கே இழுத்துக்கொண்டு போனார். என் வேனை ஸ்டார்ட் பண்ணி, திருப்புளியை வைத்து, பிடியை வலது எலும்பில் அழுத்தினார். முகம் மலர்ந்துவிட்டது. "வாயாடி, கேளு. முன்னைவிட நல்லாக் கேக்குது! இடது பக்கம் வச்சா இவ்வளவு இல்ல. இந்தக் காதா மந்தம்? நீங்கல்லாம் வாய்க்குள்ளயே பேசறீங்க, அவ்வளவுதான்."

நானா வாய்க்குள் பேசுகிறேன்? ஒரு வேன் நிறையப் பிள்ளைகளை அதட்டி அதட்டி வளர்ந்த தொண்டை இது! எனக்கு வந்த கோபத்துக்கு அந்தத் திருப்புளியைப் பிடுங்கிச் சாக்கடையில் எறிந்திருப்பேன். ஆனால் அவர் சொன்னதும் பொய்யில்லை. என் வேனில் பெல்ட்டை இறுக்கிப் பிடிக்கிற டென்ஷனர் தேய்ந்திருப்பதை அன்றைக்குத்தான் கண்டுபிடித்தார். தேய்ந்துதான் இருந்தது. அதற்குமேல் என்ன வாதாடுவது?

ஸ்டூல் வழக்கமும் மாறியது. அக்கா சொல்வாள், இவர் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். 'ம்' கிடையாது. "நான் பேசறது பிடிக்கலை போல" என்றாள் அக்கா என்னிடம். அவர் என்னிடம் தனியாக, "உங்கக்கா ஏன் எங்கிட்ட மூஞ்சியைத் தூக்கி வச்சுக்கிட்டிருக்கா? ஒரு வார்த்தை பேச மாட்டேங்கறா" என்றார். இரண்டு பேரையும் நிற்க வைத்துக் குட்டலாம் போல இருந்தது.

கடைசியில் அந்த ஸ்டோர் ரூம் விவகாரம். அக்கா ஏதோ எடுக்க உள்ளே போனபோது கதவு சாத்திக்கொண்டு தாழ்ப்பாள் சிக்கிவிட்டது. இவர் முன்னறையில்தான் இருந்தார், இடது காதில் போனை வைத்துக்கொண்டு யாரிடமோ கிளட்ச் பற்றிப் பேசிக்கொண்டு. அவள் கூப்பிட்டிருக்கிறாள், கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறாள். கதவை உடைக்கிற மாதிரி தட்டுகிற சுபாவம் அவளுக்குக் கிடையாது. இவர் பேசி முடித்து, செருப்பை மாட்டிக்கொண்டு, கொட்டகைக்குப் போய்விட்டார். பிள்ளைகளை இறக்கிவிட்டு நான் வந்துதான் கதவைத் திறந்தேன். உள்ளே வியர்த்துக்கொட்டி உட்கார்ந்திருந்தாள்.

"என் குரல் யாருக்குக் கேக்காட்டியும் அவருக்குக் கேக்கும்னு இருந்தேன்டி" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். அன்றிலிருந்து அவருக்கு நேராகப் பேசுவதை நிறுத்திவிட்டாள். அவரைப் பற்றிச் சொல்ல வேண்டியதை எல்லாம் பாத்திரத்திடம் முணுமுணுத்தாள். "இந்த மனுஷனுக்கு என்ன சொல்லி என்ன? சுவத்துக்குச் சொன்னாலும் திரும்பிப் பாக்கும்." அவர் அங்கேயே உட்கார்ந்திருப்பார், ஒன்றும் தெரியாமல்.

பிறகு காய்ச்சலும் காதுவலியும் வந்தன. யாரோ எண்ணெய் காய்ச்சி ஊற்றச் சொல்ல, ஊற்றிக்கொண்டார். வலி இன்னும் ஏறியது. திருப்புளியை எலும்பில் வைக்கப் போய், "அய்யோ!" என்று கீழே போட்டார். அப்போதுதான் ஐயா ஆஸ்பத்திரிக்கு வர ஒப்புக்கொண்டார்.

காது டாக்டரம்மா விளக்கை வைத்துப் பார்த்துவிட்டு, எண்ணெய் ஊற்றியதைக் கேட்டதும் தலையில் அடித்துக்கொள்ளாத குறை. "காது ஜவ்வுக்குப் பின்னாடி சீழ் கட்டியிருக்கு. நீங்க ஊத்தினது ஜவ்வுக்கு முன்னாடியே நின்னுடும்" என்றார். மாத்திரையில் காய்ச்சலும் வலியும் போயின. ஆனால் உள்ளே நீர் அப்படியே தங்கிவிட்டது. மறுபடி போனபோது மூக்குக்குள் மெல்லிய குழாய்விட்டுப் பின்பக்கம்வரை பார்த்தார். கெட்டது ஒன்றும் இல்லை, காதுக்குக் காற்றுப் போகிற வழி அடைத்திருக்கிறது என்றார்.

"அம்மா, டேங்க் மூடியில காத்துத் துளை அடைச்சுக்கிட்டா பெட்ரோல் இறங்காது. அது மாதிரியா?" என்று கேட்டார் அத்தான்.

"அதேதான். உள்ள காத்து போகலை, நீர் தேங்கிடுச்சு."

"ஆனா காது நல்லாத்தான் கேக்குதுங்க" என்று அத்தான் திருப்புளிக் கதையை எடுத்தார். டாக்டரம்மா முழுசாகக் கேட்டார். பிறகு மேஜையிலிருந்து இரண்டு காலுள்ள ஓர் இரும்புக் கவையை எடுத்து, முழங்கையில் தட்டி, ரீங்காரம் கிளம்பியதும் அவர் நெற்றி நடுவில் வைத்தார்.

"எந்தப் பக்கம் கேக்குது?"

"வலது பக்கம்! பாத்தியா வாயாடி?" என்று என்னைப் பார்த்து வெற்றிச் சிரிப்புச் சிரித்தார்.

"அதுதாங்க அடைப்புக்கு அடையாளம்" என்றார் டாக்டரம்மா. "எலும்பு வழியா வர்ற சத்தம் அடைச்ச காதுலதான் தூக்கலாக் கேக்கும். நீங்க கேட்டது எல்லாம் எலும்பு வழியா. காத்து வழியா வர்றது உள்ள போகலை." கவையை மறுபடி தட்டி இடது காதருகே பிடித்தார், கேட்கிறது என்று அத்தான் தலையாட்டினார். வலது காதருகே கொண்டுபோனார். அத்தான் காத்துக்கொண்டே இருந்தார்.

"தட்டிட்டீங்களாம்மா?" என்றார்.

பிறகு சுவரோரம் நின்றிருந்த அக்காவைத் திரும்பிப் பார்த்தார். "அப்ப இவ இத்தனை நாளும் பேசிக்கிட்டுத்தான் இருந்தாளா?"

நான்தான் சொன்னேன், ஸ்டோர் ரூமையும் சேர்த்து. நான் எப்போது வாயை மூடியிருக்கிறேன்? அவர் தொடைமேல் கையைத் துடைத்துக்கொண்டே இருந்தார், கையில் கிரீஸே இல்லை. "கூப்பிட்டியா? நான் செருப்பை மாட்டிக்கிட்டுப் போனேனே" என்றார். அந்தக் குரலை நான் அதுவரை கேட்டதில்லை. பிறகு டாக்டரம்மாவிடம், "என்ன செய்யணுமோ செய்யுங்க" என்றார்.

காதை மரத்துப்போக வைத்து, ஜவ்வில் சின்னதாகக் கீறி, பசை மாதிரி இருந்த நீரை உறிஞ்சி எடுத்து, காற்றுப் போக ஒரு குட்டிக் குழாயைப் பொருத்தினார்கள். நாங்கள் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். அக்கா என் கையைப் பிடித்த பிடியில் என் வளையல் நெளிந்துவிட்டது. வெளியே வந்தார் அத்தான். தாழ்வாரத்து மின்விசிறியை அண்ணாந்து பார்த்து, "இதுக்கு எண்ணெய் போடணும்" என்று மட்டும் சொன்னார்.

என் வேனில்தான் திரும்பினோம். அவர் முன்னால், அக்கா அவருக்குப் பின் சீட்டில். நான் வாகனங்களுக்கு நடுவே ஹார்ன் அடித்து, கியர் மாற்றி, போகிற வருகிறவனையெல்லாம் திட்டிக்கொண்டு ஓட்டினேன். அக்கா பழக்க தோஷத்தில், ஜன்னலைப் பார்த்துக்கொண்டு எதையோ முணுமுணுத்தாள். எனக்குக் கேட்கவில்லை. சத்தியமாகக் கேட்கவில்லை.

அத்தான் திரும்பிப் பார்க்காமல், "சுவரு இல்ல, நான்தான். கேக்குது, சொல்லு" என்றார்.

கண்ணாடியில் பார்த்தேன். அக்கா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள். சிரிக்கிறாளா அழுகிறாளா, தெரியவில்லை. வண்டி அடுத்த சிக்னலைத் தாண்டியதும் பேச ஆரம்பித்தாள். வீடு வரும்வரை பேசினாள். ஒரு வார்த்தை எனக்குப் பிடிபடவில்லை. அவர் 'ம்' கொட்டிக்கொண்டே வந்தார்.