குங்குமப்பூவுக்கு இறைத்த தண்ணீர்

தண்ணீர் விட்டதால் செத்துப்போகக்கூடிய பயிர் ஒன்று இந்த உலகத்தில் இல்லை என்று நாற்பத்திரண்டு வயது வரைக்கும் நம்பியிருந்தேன். தண்ணீர் கூடிச் செத்தது என்று எவனாவது சொன்னால், அவன் இறைக்கப் பஞ்சிப்பட்டுச் சாட்டுச் சொல்லுகிறான் என்பதுதான் என் முடிவு. நான் யாழ்ப்பாணத்து வெங்காயத் தோட்டக்காரர் ஒருவரின் மகன். அதனால் நானும் தோட்டக்காரன் என்று அர்த்தமில்லை. ஐயா இறைப்பார், நான் கடைசிப் பாத்தியில் நின்று வரம்பை வெட்டித் தண்ணீர் மாறுவேன், அதையும் பிழையாக மாறி ஏச்சு வாங்குவேன். ஆனால் இத்தாலியில், சிசிலித் தீவின் பலெர்மோவில் என்னைச் சோதிக்க ஆளில்லை என்ற துணிவில், பரம்பரை விவசாயி என்று கண்டபாட்டுக்குச் சொல்லித் திரிந்தேன். வீட்டு வேலைக்கு ஆள் தேடிய ஒரு சினியோராவிடமும், அதாவது அம்மணியிடமும், அப்படிச் சொல்லித்தான் வேலை எடுத்தேன்.

சினியோரா சிசிலிக்காரி அல்ல. ஸ்பெயினின் நடுவிலே, லா மாஞ்சா என்கிற வறண்ட மேட்டுநிலத்தில் பிறந்து, பலெர்மோ டாக்டர் ஒருவரைக் கட்டி இங்கே வந்து, அவரையும் அடக்கம் செய்துவிட்டு ஐந்தாம் மாடியில் தனியே இருந்தவர். எத்தனையோ வருடம் இந்தக் கரையில் வாழ்ந்தும் கடலை ஒரு பொருட்டாக மதிக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை ஊரே மொண்டெல்லோக் கடற்கரைக்குக் குளிக்க ஓடும்போது யன்னலைச் சாத்துவார். "குடிக்கேலாத தண்ணியை இவ்வளவு சேர்த்து வைச்சு என்ன பிரயோசனம்?" என்பார். அவர் கதைத்தது இத்தாலிய மொழி. என் காதில் அது யாழ்ப்பாணத் தமிழாகத்தான் விழுந்தது, விழுந்தபடியே எழுதுகிறேன்.

நான் உடுப்பு அயர்ன் பண்ணும்போது அவர் கதிரையைப் போட்டு அமர்ந்து தன் நாட்டைப் பற்றிப் பாடம் எடுப்பார். "எங்கட நிலம் ஒரு மேசை. மேசைக்கு மேலை ஒண்டுமில்லை. ஒன்பது மாதம் குளிர், மிச்ச மூண்டு மாதம் நரகம். முந்திரிகைக் கொடியை நிலத்தோடை பதிச்சுத்தான் வளர்க்கிறது. ஒண்டுக்கும் மற்றதுக்கும் இடையிலை வண்டில் போகும். கிட்ட வைச்சால் ஒண்டின்ரை மழையை மற்றது குடிச்சிடும்."

"அப்ப கோதுமை, சினியோரா?"

"ஒரு வருசம் விதைச்சால் அடுத்த வருசம் விதைக்கிறேல்லை. வயல் சும்மா கிடந்து மழையைச் சேர்க்கும்."

இதைப் பெருமையாகச் சொன்னார். எங்கள் பக்கம் ஒரு காணியை ஒரு வருடம் சும்மா விட்டால், பக்கத்துக் காணிக்காரன் வேலியை இரண்டு முழம் தள்ளிப் போட்டிருப்பான். சட்டைக் கொலரைக் கவனமாக அழுத்தினேன்.

ஸ்பெயின்காரி என்று கேட்டதும் பலெர்மோச் சனம் அவரிடம் மாட்டுச் சண்டை, ஆட்டம் பாட்டம் என்று ஆரம்பித்துவிடும். அவருக்குப் பத்திக்கொண்டு வரும். "அது தெற்கத்தி ஆக்கள். நாங்கள் உள்ளியும் ஆட்டுப்பால் சீஸும் திண்டுபோட்டு வாயை மூடிக்கொண்டிருக்கிற சனம். ஒருத்தரிட்டையும் ஒண்டும் கேளாமல் இருக்கிறதுதான் எங்கட மரியாதை." இந்த இடத்தில் எனக்கும் அவருக்கும் ஒரு பொருத்தம் இருந்தது. பலெர்மோவில் இலங்கையிலிருந்து வந்த எல்லாருக்கும் சிங்களவன் என்றுதான் பெயர். தன்னைப் பிழையாகச் சொன்னால் அவர் நின்று திருத்துவார். என்னைச் சொன்னால் நான் சம்பளத்தை நினைத்து ஓம் என்பேன்.

மொட்டை மாடியில் மூன்று மரப்பெட்டிகள் வைத்திருந்தார். உள்ளே லா மாஞ்சாவிலிருந்து டாக்டரின் காரில் கொண்டுவந்த சிவப்பு மண். மண்ணுக்குள்ளே அவருடைய தம்பியின் வயலிலிருந்து வந்த குங்குமப்பூக் கிழங்குகள். ஒக்டோபரில் விடியப்புறம் பூக்குமாம், அன்றைக்கே பிடுங்கி, வீட்டுச் சனம் முழுக்க மேசையைச் சுற்றியிருந்து ஒவ்வொரு பூவிலும் மூன்று சிவப்பு நாரைக் கிள்ளி எடுக்க வேண்டுமாம். குங்குமப்பூ ஒரு பூ என்பதையே அன்றைக்குத்தான் அறிந்தேன். பிள்ளைத்தாய்ச்சிகள் பாலில் போட்டுக் குடிக்கிற அந்தச் சாமானை ஏதோ பக்டரியில் செய்கிறார்கள் என்று நினைத்திருந்தேன். பரம்பரை விவசாயி.

அந்த வருடம் ஜூலையில் சினியோரா ஊருக்குப் புறப்பட்டார். அங்கே மழை பொய்த்து, தம்பியின் கொடிகள் காய்கின்றன என்று கவலை. என்னிடம் வீட்டுத் திறப்பைத் தந்து, "ஜெரேனியப் பூச்சட்டியளுக்குத் தண்ணி விடும். பெட்டியளைப் பாக்கத் தேவையில்லை, அதுகள் நித்திரை" என்று சொல்லிவிட்டுப் போனார்.

எனக்கோ நவம்பரில் பெர்மெஸ்ஸோ முடிகிறது. இந்த நாட்டில் இருக்கத் தருகிற அந்தக் கடதாசியைப் புதுப்பிக்க வேண்டுமென்றால், சினியோரா என்னோடு குவெஸ்தூராவுக்கு, அதாவது பொலிஸ் அலுவலகத்துக்கு வந்து, இவன் என்னிடம் வேலை செய்கிறான் என்று கையெழுத்து வைக்க வேண்டும். அது இல்லையென்றால் கடதாசி இல்லை. கடதாசி இல்லையென்றால் அடுத்த வருடம் ஊரிலிருக்கிற மனைவியை இங்கே கூப்பிடுவதும் இல்லை.

அவர் போன இரண்டாம் கிழமை சிரோக்கோ அடித்தது. ஆபிரிக்காவிலிருந்து அடுப்பைத் திறந்துவிட்ட மாதிரி வருகிற காற்று. மேலே ஏறிப் பார்த்தேன். பெட்டிகளில் மண் வெடித்துக் கிடந்தது. ஒரு பச்சை இல்லை. பழைய இலைகள் வைக்கோலாகிப் பறந்துகொண்டிருந்தன.

பிரான்காச்சோப் பகுதியில் என்னோடு ஒரே அறையில் இருந்தவன் ஒரு மன்னார்க்காரன். மொண்டெல்லோவில் ஒரு சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவுகிறவன். ஞாயிறு தவறாமல் கோயிலுக்குப் போவான், மிச்ச ஆறு நாளும் என்னைப் பகிடி பண்ணுவான். அவனைக் கூட்டிவந்து காட்டினேன். அவன் விரலால் மண்ணைக் கிண்டிப் பார்த்துவிட்டுச் சிலுவை போட்டான்.

"செத்துப்போச்சுது மச்சான். நீயும் செத்தாய்."

"நித்திரை எண்டு சொன்னவ."

"எங்கட பெரியப்பாவையும் நித்திரை எண்டுதான் சொன்னவை. பிறகு பெட்டி வாங்கினது."

அன்று பின்னேரமே இறைப்பைத் தொடங்கினேன். காலையில் ஒரு வாளி, மாலையில் ஒரு வாளி. சும்மா ஊற்றவில்லை. ஐயா பார்த்தால் கண் கலங்கும்படி, ஒவ்வொரு பெட்டிக்குள்ளும் நான்கு பாத்தி கட்டி, நடுவே வாய்க்கால் இழுத்து, கரண்டியால் வரம்பு வெட்டித் தண்ணீர் மாறினேன். பசளைக்கு மன்னார்க்காரன் கடையிலிருந்து மீன் கழுவின தண்ணீர் கொண்டுவந்தான், பஸ்ஸில், மூடியில்லாத வாளியில். அந்தப் பஸ் சாரதி அதற்குப் பிறகு எங்களைக் கண்டால் நிறுத்துவதில்லை. கபோச் சந்தைப் பூனைகள் எல்லாம் ஐந்தாம் மாடிக்குக் குடிவந்தன. பார்த்துப் பார்த்து எனக்கே பெருமையாக இருந்தது. சினியோரா திரும்பி வந்தால் என்னைக் கையெடுத்துக் கும்பிடுவார் என்றுகூட நினைத்தேன்.

மூன்றாம் கிழமை ஒரு காலை சினியோரா தொலைபேசியில் கூப்பிட்டார். நான் வாளியும் கையுமாக நின்றேன்.

"இஞ்சை ஒரு துளி மழை இல்லை" என்றார். "தம்பி தலையிலை கை வைச்சுக்கொண்டிருக்கிறான். குங்குமப்பூவைப் பற்றி மட்டும் எனக்குக் கவலை இல்லை. அது எங்களை மாதிரி. கோடையிலை தண்ணி பட்டால்தான் அழுகும், வேறை ஒண்டாலும் சாகாது. வீட்டிலை எல்லாம் சுகந்தானே?"

"ஓம் சினியோரா. எல்லாம் சுகம்."

வாளியைக் கீழே வைக்க எனக்கு ஒரு நிமிடம் பிடித்தது.

கிண்டிப் பார்த்தேன். முக்கால்வாசிக் கிழங்கு விரல் பட்டதும் களியாகப் பிதுங்கியது. இறுக்கமாக இருந்தவற்றைப் பொறுக்கி, பழைய பேப்பரில் பரப்பி, சினியோராவின் ஹெயார் டிரையரால் ஒவ்வொன்றாகக் காயவைத்தேன். தலைமுடி குறைந்த ஒருவன் ஹெயார் டிரையரோடு முழங்காலில் இருந்து கிழங்குகளோடு மன்றாடுவதை எதிர் மாடிப் பெண் ஒருத்தி பார்த்தாள், பிறகு தன் பிள்ளைகளை உள்ளே கூப்பிட்டாள். அன்றிலிருந்து நித்திரை இல்லை. குவெஸ்தூராவில் என்னை விசாரிக்கிறார்கள், மேசையில் ஒரு அழுகின கிழங்கு சான்றுப் பொருளாக இருக்கிறது, என்னை விமானத்தில் ஏற்றுகிறார்கள், ஊரில் ஐயா கிணற்றடியில் நின்று "அங்கை போயும் பிழையாத்தான் மாறினவனாம்" என்கிறார்.

யோசனை சொன்னது மன்னார்க்காரன். "கபோவிலை சின்ன வெங்காயம் வாங்கி நடு. கிழங்கைப் பாத்தால் ரெண்டும் ஒண்டுதான்."

"முளைச்சால்?"

"முளைச்சால் தெரியும். அதுக்கிடையிலை அவ கண்ணாடியைத் துலைச்சாலும் துலைப்பா."

புத்தி கெட்டவன் சொன்னான், அவனைவிடப் புத்தி கெட்ட நான் செய்தேன். ஒரு பெட்டியில் தப்பின கிழங்கு, இரண்டு பெட்டியில் வெங்காயம்.

செப்ரெம்பர் கடைசியில் சினியோரா வந்தார். சூட்கேஸை வாசலில் விட்டுவிட்டு நேரே மேலே ஏறினார். இரண்டு பெட்டி நிறைய வெங்காயத்தின் உருண்டைத் தாள்கள் தளதளவென்று நின்றன. ஒரு தாளை முறித்து மணந்தார். என்னைப் பார்த்தார்.

பொய் ஒன்று தயாராக வைத்திருந்தேன், சிசிலிக் காற்று அது இது என்று. வாயைத் திறந்ததும் உண்மை முழுக்கக் கொட்டுப்பட்டது. வாளி, பாத்தி, மீன் தண்ணீர், ஹெயார் டிரையர். நான் விவசாயி இல்லை என்பதையும் யாரும் கேட்காமலே சொன்னேன். மன்னார்க்காரனையும் காட்டிக்கொடுத்தேன்.

"எப்பிடித் தண்ணி விட்டனீர்? காட்டும்" என்றார்.

கரண்டியை எடுத்து, குனிந்து, வரம்பை வெட்டி மாறிக் காட்டினேன். அந்த வாய்க்காலும் கோணலாகத்தான் வந்தது.

"என்ரை தம்பி விவசாயம் படிச்சவன். குழாய்க் கிணறு அடிச்சு, கொடிக்குத் தண்ணி குடுத்தான். ஊரிலை எல்லாரும் அடிச்சினம். முதல் வருசம் பழம் முட்டை மாதிரி. குழாயை இறக்கி இறக்கி, இப்ப காத்துத்தான் வருது. வாத்து நீந்தின குளம் வத்தி, அதிலை ஆடு மேயுது." தாளைக் கீழே போட்டார். "அவனுக்கு ஏசி ஏசித் தொண்டை நொந்துபோய் வந்திருக்கிறன். உமக்கு ஏச இண்டைக்குச் சத்தி இல்லை. நாளைக்கு ஏசுறன்."

மறுநாள் ஏசினார். அதற்கடுத்த நாளும். ஒரு கிழமைக்குப் பெர்மெஸ்ஸோ என்ற சொல்லை நான் வாயில் எடுக்கவில்லை. வெங்காயத்தாளை வெட்டி முட்டை பொரிக்கச் சொன்னார், பொரித்தேன், சாப்பிட்டார்.

ஒக்டோபரில் மிஞ்சின பெட்டியில் ஒன்பது ஊதாப் பூக்கள் பூத்தன. அவர் கிள்ளினார், நான் தட்டைப் பிடித்தேன். நவம்பரில் ஒரு செவ்வாய்க்கிழமை என்னோடு குவெஸ்தூராவுக்கு வந்து, மூன்று மணித்தியாலம் வரிசையில் நின்று, கையெழுத்து வைத்தார். பெர்மெஸ்ஸோ இரண்டு வருடத்துக்குக் கிடைத்தது.