எழுபது வயதுவரை கட்ட வேண்டிய வீடு

மாமா, அண்ணனை அந்த வீட்டுக்குள் தள்ளியவர் நீங்கள்தான்.

முதலாம் ஆண்டு நினைவு மலரை இப்படி ஆரம்பிக்கக் கூடாது என்று எனக்கும் தெரியும். அச்சகத்துக்காரர் இரண்டு முறை தொலைபேசியில் கூப்பிட்டு, "அக்கா, முதல் வரி இப்படியே போகட்டுமா? சாமி பாட்டு ஏதாச்சும் போட்டு ஆரம்பிக்கலாமே" என்று கேட்டார். இப்படியே போகட்டும் என்றேன். அண்ணியிடமும் முழுவதையும் படித்துக் காட்டினேன். "ஒரு வருஷமா வாய மூடிட்டு இருந்தாச்சு. போடு" என்றார்.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். மாமா எங்கள் அம்மாவின் தம்பி. வீடு வாங்கிக் கொடுக்கும், விற்றுக் கொடுக்கும் முகவர். இந்த மலரைக் கையில் வைத்திருக்கும் உங்களில் பாதிப் பேருக்கு அவர்தான் வீடு பார்த்துக் கொடுத்தார். அதனால்தான் அவரிடம் கேட்க வேண்டியதை உங்கள் எல்லாருக்கும் தெரியும்படி எழுதுகிறேன்.

முதலில் அண்ணனைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். இந்த மலர் அவருக்காகத்தான்.

அண்ணன் பிறந்தபோது அப்பாவும் அம்மாவும் ஃபேரர் பார்க்கில் ஓரறை வாடகை வீட்டில் இருந்தார்கள். ஆறு வருடம் கழித்து நான் பிறந்தேன். அப்பா கிடங்கில் மூட்டை இறக்கினார். அண்ணன் தொழிற்கல்வி முடித்த வருடம் அப்பா தவறிவிட்டார். அதன் பிறகு நான் படித்ததும், எனக்குக் கல்யாணம் நடந்ததும், அம்மாவின் கடைசி மருத்துவச் செலவும் எல்லாம் அண்ணன் கையால்தான். ஒரு நாளும் அதைச் சொல்லிக் காட்டியதில்லை.

ரயில் பணிமனையில் இருபத்தெட்டு வருடம் வேலை செய்தார். ரயிலின் கதவுகளைச் சோதிப்பது அவருடைய வேலை. கதவு மூடும்போது ஒரு சின்னச் சத்தம் வித்தியாசமாகக் கேட்டாலும் அந்த ரயிலை வெளியே விடமாட்டார். மேலதிகாரி வந்து கத்தினாலும் விடமாட்டார். எனக்கு ஜாலான் புசாரில் ஒரு இரும்புச் சாமான் கடையில் வேலை. அங்கே வந்து ஒரு பெட்டி திருகாணி வாங்குவதற்கும் என் முதலாளியிடம் பேரம் பேசுவார். கறிவேப்பிலை இனாமாகக் கொடுக்காத கடையில் காய்கறி வாங்கமாட்டார். ஆனால் அக்கம்பக்கத்தில் யார் வீட்டு மின்விசிறி நின்றாலும் ஏணியைத் தூக்கிக்கொண்டு போவார். காசு வாங்கமாட்டார்.

கல்யாணமானதும் தெம்பனிஸில் நாலறை வீடு வாங்கினார். அரசாங்க வீடு. இரண்டு பெண் பிள்ளைகளும் அங்கேதான் வளர்ந்தார்கள். இன்னும் எட்டு வருடம் கட்டினால் கடன் முடிந்துவிடும் என்று இருந்தபோதுதான் மாமா எங்களையெல்லாம் ஃபேரர் பார்க்கில் ஒரு சாப்பாட்டுக் கடைக்கு அழைத்தார். அன்று பேசியது எனக்கு வார்த்தைக்கு வார்த்தை நினைவிருக்கிறது.

"என்னடா மருமகனே, இன்னும் அந்தப் பழைய புளோக்லயே உக்காந்திருக்க? உன்கூட வேலை செய்யறவன்லாம் காண்டோக்குப் போயிட்டான் லா."

"கடன் இன்னும் எட்டு வருஷந்தான் மாமா. முடிச்சிட்டா நிம்மதி."

"நிம்மதியா? அந்த வீட்ட வித்தா கையில காசு. அத முன்பணமாப் போடு. மிச்சத்த உனக்கு எழுபது வயசு வரைக்கும் இழுத்துக்கலாம். மாசம் எவ்ளோ வருதுன்னு பாரு. இப்பக் கட்டறதவிடக் கொஞ்சந்தான் கூட."

"எழுபதா?" என்று அண்ணி சிரித்தார். "இவரு இப்பவே முட்டி வலின்னு படுத்துக்கிறாரு."

"முட்டி வலிச்சா நீச்சல் குளத்துல எறக்கி நடக்க விடும்மா. அதுக்குத்தானே காண்டோவே!"

மேசையில் எல்லாரும் சிரித்தோம். நானும் சிரித்தேன். அப்போது அண்ணனுக்கு வயது நாற்பத்தைந்து.

மாமா, காண்டோ என்கிற தனியார் அடுக்குமாடி வீட்டுக்கான வங்கிக் கடன் தாள் ஒன்றை எடுத்து நீட்டினார். அண்ணன் அதை என்னிடம் கொடுத்தார். "பாப்பா, நீ பாரு. கடையில தெனமும் பில்லு பாக்கறவ."

பார்த்தேன். மாதத் தவணை முதல் பக்கத்தில் தடித்த எழுத்தில் இருந்தது. அடுத்த பக்கத்தைத் திருப்பினேன். பொடி எழுத்தில் பெரிய அட்டவணை. அந்த நேரம் மீன் தலைக் கறி வந்தது. "சரியாத்தான் இருக்குண்ணா" என்று சொல்லித் தாளை மடித்துக் கொடுத்துவிட்டேன்.

மாமாமீது குற்றம் சொல்கிற நான் அன்றைக்குச் செய்தது இது. மறைத்து எழுதினால் அண்ணனுக்குத் துரோகம். அந்த அட்டவணையின் கடைசி வரியில், அண்ணன் எழுபது வயதுவரை மொத்தம் எவ்வளவு கட்டுவார் என்று போட்டிருந்தது. நான் அதைப் படிக்கவில்லை. அண்ணன் படிக்கவில்லை. தேக்கா சந்தையில் அரைக் கிலோ வெண்டைக்காயை ஒடித்து ஒடித்துப் பார்த்து வாங்குகிற நாம், வீட்டுக்கு மட்டும் "மாசம் எவ்வளவு?" என்று கேட்டுவிட்டு நிறுத்திக்கொள்கிறோம். மொத்தம் எவ்வளவு என்று கேட்டால் ஏதோ அபசகுனம் மாதிரி.

காண்டோவுக்குக் குடிபோன அன்று நீங்கள் எல்லாரும் வந்தீர்கள். பால் காய்ச்சினோம். பிள்ளைகள் குளத்தில் குதித்தார்கள். அந்த இரண்டு வருடமும் அண்ணன் சந்தோஷமாக இருந்தார். அது உண்மை, அதையும் சொல்ல வேண்டும்.

வட்டி மாறாமல் இருந்தது அந்த இரண்டு வருடம் மட்டும்தான். பிறகு வங்கியிலிருந்து கடிதம் வந்தது. தவணை ஏறியது. கொஞ்ச நாளில் மறுபடியும் ஏறியது. அண்ணன் குளிர்சாதனத்தைப் போடுவதை நிறுத்தினார். சனி, ஞாயிறும் வேலைக்குப் போனார். தபால் பெட்டிச் சாவியை வீட்டில் வைக்காமல் தன் சாவிக்கொத்தில் மாட்டிக்கொண்டார். அண்ணி கேட்டதற்கு, "ஒனக்கு எதுக்கு, நான் வரும்போது எடுத்துட்டு வரேன்" என்றாராம். கடிதத்தை அண்ணி பார்த்துவிடக் கூடாது என்று பயந்திருக்கிறார். இது எங்களுக்குப் பிறகுதான் புரிந்தது.

ஒரு நாள் மதியம் கடைக்கு வந்தார். திருகாணி வாங்க வரவில்லை. சட்டைப்பையிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்து, கல்லாமேசையில் இருந்த கணக்குப் பொறியைக் காட்டினார்.

"பாப்பா, இதக் கொஞ்சம் தட்டிப் பாரேன். நான் தட்டினா தப்பா வருது."

தட்டினேன். மூன்று வெள்ளி கட்டினால் அதில் இரண்டு வெள்ளி வட்டிக்கே போனது. ஒரு வெள்ளிதான் கடனில் கழிந்தது. மறுபடியும் தட்டினேன். அதேதான் வந்தது.

"அப்ப எனக்குத் தப்பா வரல" என்றார். "இத்தன நாளாக் கட்டறேன், கடன் அப்படியே நிக்குது பாப்பா."

"வித்துடலாமே அண்ணா?"

"வித்துட்டு? பிள்ளைங்ககிட்ட என்னன்னு சொல்றது? பால் காய்ச்ச வந்தவங்க மூஞ்சில எப்படி முழிக்கிறது? மாமா சிரிப்பாரு."

கடிதத்தை மடித்துப் பைக்குள் வைத்தார், மறுபடியும் எடுத்துப் பிரித்துப் பார்த்தார். அப்பாவைத் தூக்கிக்கொண்டு போன அன்றுகூடத் தடுமாறாத மனிதர் அவர். எனக்கு அப்போது ஆரம்பித்த பயம் இன்னும் போகவில்லை.

அதன் பிறகு மூன்று வருடம் அப்படியே ஓடியது. போன வருடம், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை வேலையில் இருக்கும்போது நெஞ்சு வலி வந்தது. மருத்துவமனையில் பதினோரு நாள் இருந்தார். ஒன்பதாம் நாள் அண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார். நான் கட்டிலின் கால்மாட்டில் நின்றிருந்தேன், பெரிய மகள் பக்கத்தில் இருந்தாள்.

"பயப்படாத. எனக்கு ஏதாச்சும் ஆனாலும் வீடு உனக்குத்தான். இன்சூரன்ஸ் இருக்கு. கடன் என்னோட போயிடும்."

இரண்டு நாள் கழித்துப் போய்விட்டார். ஐம்பத்தொரு வயது.

காரியங்கள் முடிந்ததும் அண்ணியும் நானும் வங்கிக்குப் போனோம். அங்கிருந்த பெண் கணினியைப் பார்த்தாள், மறுபடியும் பார்த்தாள், வேறொருவரைக் கூப்பிட்டுப் பார்க்கச் சொன்னாள். பிறகு மெதுவாக விளக்கினாள். தெம்பனிஸ் வீட்டுக்குத்தான் காப்புறுதி, அண்ணன் சொன்ன இன்சூரன்ஸ், இருந்தது. சம்பளத்தில் பிடித்துச் சேர்க்கும் சேமநிதியிலிருந்து வருடா வருடம் கொஞ்சம் கழித்துக்கொள்வார்கள். அவர் இறந்தால் வீட்டுக் கடனை அது அடைக்கும். அந்த வீட்டை விற்ற அன்றே அந்தக் காப்புறுதியும் முடிந்துவிட்டது. காண்டோவுக்கு அது வராது. வேண்டுமென்றால் நாமாகத் தனியாக எடுக்க வேண்டும். அண்ணன் எடுக்கவில்லை.

"அப்ப இன்னும் எத்தன வருஷம்?" என்று அண்ணி கேட்டார்.

"பத்தொன்பது" என்றாள் அந்தப் பெண்.

அண்ணி பாலர் பள்ளியில் உதவியாளராக வேலை செய்கிறார். அவர் சம்பளம் ஒரு மாதத் தவணைக்குப் பாதிகூடக் காணாது. அண்ணனின் சேமநிதியில் வந்த பணத்தை வைத்து இந்த ஒரு வருடம் தள்ளியாகிவிட்டது. இப்போது வீட்டை விற்கப் போட்டிருக்கிறோம். "வெல ஏறியிருக்கே, காசு வருமே" என்று சிலர் சொல்கிறீர்கள். வரும். வங்கி எடுத்ததுபோக மிச்சம் வரும். தனியார் வீட்டை விற்றவர்கள் உடனே அரசாங்க வீட்டுக்குப் போய்விட முடியாது, காத்திருக்க வேண்டுமாம். அதுவரை வாடகை. அந்த மிச்சமும் அதில் கரையும். தெம்பனிஸ் வீட்டிலேயே இருந்திருந்தால், அண்ணன் போன பிறகு அண்ணி ஒரு வெள்ளியும் கட்ட வேண்டியிருக்காது. இதை நினைக்காமல் நான் ஒரு நாளும் சாப்பிட்டதில்லை.

போன மாதம் என் வீட்டுக் கடன் தாளையும் எடுத்துப் பார்த்தேன். பதினாலு வருடம் அலமாரியில் கிடந்த தாள். காப்புறுதியில் என் கணவருக்குப் பாதி, எனக்குப் பாதி என்று போட்டிருக்கிறது. அவர் போனால் பாதிக் கடன் என் தலையில் நிற்கும். இது எனக்குத் தெரியாது. கையெழுத்து மட்டும் என்னுடையது. உறவுக்காரர்களே, உங்கள் தாளையும் இன்றே எடுங்கள். தடித்த எழுத்தை விடுங்கள், கடைசி வரியைப் படியுங்கள். புரியாவிட்டால் பிள்ளைகளிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லுங்கள். வெட்கப்படாதீர்கள். அண்ணன் வெட்கப்பட்டார்.

உதவியவர்களுக்கு நன்றி சொல்ல வேண்டும். பணிமனை நண்பர்கள் அந்தப் பதினோரு நாளும் முறை வைத்து வந்து மருத்துவமனையில் உட்கார்ந்தார்கள். தெம்பனிஸில் பழைய பக்கத்து வீட்டு மலாய் அக்கா நாற்பது நாள் தினமும் சோறும் குழம்பும் கொடுத்தனுப்பினார். அண்ணி சைவம் என்று தனிச் சட்டியில் சமைத்தார். என் முதலாளி கேட்ட நாளெல்லாம் விடுமுறை கொடுத்தார், ஒரு வார்த்தை முணுமுணுக்கவில்லை. வங்கியில் அந்தப் பெண் தன் மதிய உணவு நேரத்தைவிட்டு எங்களோடு உட்கார்ந்தாள். இவர்களை நாங்கள் மறக்கமாட்டோம்.

இனி மாமாவுக்கு.

மாமா, நீங்கள் அண்ணிக்கு ஒரு பதில் சொன்னீர்கள். "நான் இன்சூரன்ஸ் எடுக்கச் சொன்னேம்மா, அவன்தான் மாசச் செலவு ஏறுதுன்னு வேணான்னுட்டான்." எனக்கு வேறு பதில் சொன்னீர்கள். "அதெல்லாம் சொல்றது பேங்க் வேலை லா, ஏஜெண்ட் வேலை இல்ல. ஸ்க்ரூ விக்கிறவளுக்கு இதெல்லாம் எங்க தெரியப் போகுது." இரண்டும் உண்மையாக இருக்க முடியாது. மூன்று முறை வீட்டுக்கு வந்து கேட்டேன். காப்பி குடிக்கச் சொன்னீர்கள்.

எனக்கு உங்கள் காசு வேண்டாம். வீடு போகத்தான் போகிறது, அதை விற்கவும் உங்களைக் கூப்பிடமாட்டோம். ஆனால் போன வாரம் பெரியவள் என்னிடம் கேட்டாள். "அத்தை, அப்பாவுக்குத் தெரியாதா? இல்ல, தெரிஞ்சே அம்மாகிட்டப் பொய் சொன்னாரா?" பதினெட்டு வயதுப் பெண். அப்பாவின் கடைசி வார்த்தையை நம்பலாமா கூடாதா என்று தெரியாமல் இருக்கிறாள்.

நீங்கள் சொல்லி அண்ணன் மறுத்திருந்தால், அவர் சாகும்போது தெரிந்தே பொய் சொன்னார். நீங்கள் சொல்லவே இல்லை என்றால், அவர் நம்பிக்கொண்டே போனார். இரண்டில் எதைக் கேட்கவும் எனக்குப் பயமாக இருக்கிறது. ஆனாலும் கேட்கிறேன்.

இந்த மலரை நீங்கள் வாங்கிப் படிக்கும்போது திதி நடக்கும் மண்டபத்தில் எல்லாரும் இருப்பார்கள். படையல் முடிந்தாலும், நீங்கள் பதில் சொல்லும்வரை சாப்பாட்டுக்கு இலை போடச் சொல்லமாட்டேன். அந்தப் பெண் முன்வரிசையில் உட்கார்ந்திருப்பாள். அவளைப் பார்த்து, எல்லாருக்கும் கேட்கும்படி எழுந்து நின்று சொல்லுங்கள் மாமா: பழைய வீட்டோடு காப்புறுதியும் போய்விடும் என்று அவள் அப்பாவிடம் சொன்னீர்களா, சொல்லவில்லையா?