மிளகுக்கொடிக்குப் போன தண்ணீர்

ஞாயிறு ஆராதனை முடிந்ததும், ஐயர் என்று நாங்கள் கூப்பிடும் பாதிரியார் ஞானஸ்நானக் கிண்ணத்தை வெளியே கொண்டுவந்து, அதிலிருந்த தண்ணீரைக் கோயில் சுவரோரத்து மிளகுக்கொடிக்கு ஊற்றுவார். ஞானஸ்நானம் யாருக்கும் நடக்காது. ஆனாலும் வாராவாரம் கிண்ணம் நிரம்பும், வாராவாரம் தண்ணீர் கொடிக்குப் போகும். வெள்ளைக்காரன் காலத்தில் கொல்லிமலை மிஷன் பள்ளியில் டீச்சராக இருந்த எனக்கு இது உறுத்திக்கொண்டே இருந்தது.

ஐயருக்குச் சின்ன வயது, கல்யாணமாகவில்லை. மலையிலேயே குண்டூர் நாடு என்ற பகுதியைச் சேர்ந்த விவசாயி ஒருவரின் மகள், ஞானஸ்நானம் கேட்டு மாதக்கணக்காக வந்துகொண்டிருந்தாள். அவள் வருகிற வாரம் மட்டும் ஐயரின் அங்கி கஞ்சி போட்டு விறைத்திருக்கும், பிரசங்கம் தடுமாறும். மோப்பம் பிடிக்க எனக்கு இது போதாதா? அவள் கிறிஸ்தவளாகிவிட்டால் கட்டிக்கொள்ளலாம், அதற்குத்தான் இருவரும் நாடகமாடுகிறார்கள் என்று முடிவுகட்டினேன்.

ஒருநாள் காணிக்கைச் சாமையோடு வந்தவளை வழிமறித்தேன்.

“ஏங்கண்ணு, நீ சாமிக்காக வாரியா, ஐயருக்காக வாரியா?”

மூட்டையை இறக்கிவைத்துவிட்டுச் சொன்னாள். “சாமிக்காகத்தானுங்க டீச்சரம்மா. ஐயரையும் புடிக்குமுங்க. அதுல என்னங்க தப்பு?”

ஞானஸ்நானம் எடுத்தால் பெற்ற வீடே கதவைச் சாத்தும் என்பது அவளுக்குத் தெரியும். அவள் சொன்னதை ஐயரிடம் சொன்னபோது, கொட்ட எடுத்துவந்த கிண்ணத்தைத் தரையில் வைத்தார்.

“அவ மனசு சுத்தம், டீச்சர். என் கை மேலதான் எனக்குச் சந்தேகம். கர்த்தருக்காக நீளுதா, எனக்காக நீளுதான்னு தெரியாம அவ தலையில எப்படி வைக்கிறது? நாளைக்கு நானே அவளைக் கட்டிக்கிட்டா, பொண்ணு பிடிக்கத்தான் கோயில் கட்டினான்னு மலையே சொல்லும்.”

வாராவாரம் துணிந்து தண்ணீர் நிரப்பியிருக்கிறார், வாராவாரம் பயந்து கொட்டியிருக்கிறார். அடுத்த மழைக்கு முன்னால் மாற்றல் கேட்டு வாங்கிக்கொண்டு மலையிறங்கிவிட்டார். அவளிடம் சொல்லிக்கொள்ளக்கூட இல்லை. அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை.

ஐயரே போய்விட்டார், இனி இவள் எங்கே கோயிலுக்கு வரப்போகிறாள் என்று நினைத்தேன். வந்தாள்; பின்னால் வந்த வயதான ஐயர் அவளுக்கு ஞானஸ்நானம் கொடுத்தார். வீட்டில் அவளைச் சேர்க்கவில்லை. கோயிலை ஒட்டிய அறையிலேயே தங்கிவிட்டாள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை.

போன மாதம் மலைக்குப் போயிருந்தேன். அவள் தலை நரைத்துவிட்டது. ஆராதனை முடிந்ததும் கிண்ணத்தை எடுத்துவந்து மிளகுக்கொடிக்கு ஊற்றினாள். அன்றும் யாருக்கும் ஞானஸ்நானம் நடக்கவில்லை. சாமிக்காகவா, ஐயருக்காகவா என்ற பழைய கேள்வி நாக்கு நுனிவரை வந்தது. கிண்ணத்தைக் கவிழ்த்து, கடைசிச் சொட்டு விழும்வரை அவள் நின்றாள். நான் கேட்கவில்லை.