வியாழக்கிழமைக் கைகள்

"இன்னும் எத்தனை தடவைதான் சாவே, தெல்மா?"

"இதான் கடைசி. வால்டர் வாக்கு குடுத்திருக்கார். இன்னிக்கு ஒழுங்கா செத்துட்டா அடுத்த தொடர்ல நான்தான் கதாநாயகி."

"அப்ப நல்லாவே நெரிக்கறேன்," என்றான் டென்சில், கறுப்புக் கையுறையை மாட்டிக்கொண்டே.

"ஞாயித்துக்கிழமை நெரிச்சதே போதும். கையெல்லாம் மீன் வறுவல் வாடை."

இது நடந்தது. லண்டனில், 1954 நவம்பரில். பின்னாளில் இதை யாரிடம் சொன்னாலும் தெல்மா கார்ட்வெல் முதலில் கழுத்துத் துணியை அவிழ்த்துக் கழுத்தைக் காட்டிவிட்டுத்தான் ஆரம்பிப்பாள்.

சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் கொலையாகிக் கொலையாகியே பெயரெடுத்தவள் அவள். அப்போதெல்லாம் ஞாயிறு இரவு நேரடியாக நடித்த நாடகத்தை, வியாழன் இரவு மறுபடி முதலிலிருந்து நேரடியாகவே நடிப்பார்கள். வசனம் மறந்தாலும், அட்டைச் சுவர் சாய்ந்தாலும் நிறுத்தக் கூடாது. நிறுத்தியவளை அப்புறம் எவரும் கூப்பிடமாட்டார்கள். இயக்குநர் வால்டர் மாடி அறையில் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்த வியாழன் இரவு தெல்மா சோபாவில் உட்கார்ந்து கம்பளி பின்னினாள். கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தது. சொல்லிவைத்த நொடியில் பின்னாலிருந்து கைகள் கழுத்தைச் சுற்றின.

கையுறை இல்லை. டென்சில் கழற்றிவிட்டான் போல, என்று நினைத்தாள். விரல்கள் ஈரமாக இருந்தன... குளிர்ந்திருந்தன.

இறுகின. தொண்டைக்குள் ஏதோ 'நறுக்'கென்றது. மூக்கிலிருந்து இரத்தம் உதட்டில் வழிந்தது. கேமரா நெருங்கி வந்தது.

டொக்... டொக்...

அட்டைச் சுவருக்கு அப்பாலிருந்து கிசுகிசுப்பு.

"தெல்மா... நான்தான், டென்சில். கதவு திறக்க மாட்டேங்குது. எப்படியாவது சமாளி."

அப்படியென்றால்...

பின்னல் ஊசியை அந்தக் கையில் குத்தினாள். சதையில் இறங்கியது. இழுத்து, மறுபடி குத்தினாள்.

பிடி தளரவில்லை.

கத்தினால் தொடர் போச்சு. கத்தவில்லை.

சிவப்பு விளக்கு அணைந்தது. கேமரா அடுத்த காட்சிக்கு நகர்ந்தது. இனிக் கத்தலாம்.

குரல் வரவில்லை.

கைகளும் போகவில்லை...

கண் விழித்தபோது நாடகம் முடிந்திருந்தது. பக்கத்தில் டென்சில், வெளுத்த முகத்தோடு. அவன் கைகளில் கீறல்கூட இல்லை. அவள் உடம்பிலும் குத்துக் காயம் இல்லை. ஊசியில் மட்டும் பாதிவரை இரத்தம்.

வால்டர் படிகளில் தடதடவென்று இறங்கி வந்தார்.

"தொடர் உனக்குத்தான், தெல்மா. அதை எப்படிப் பண்ணினே? திரையில கையே தெரியல. ஆளே இல்ல. உன் கழுத்து மட்டும் விரல் விரலா அமுங்குது. மேல ஒருத்தன் வாந்தியே எடுத்துட்டான்."

தெல்மா வாயைத் திறந்தாள். காற்றுதான் வந்தது.

"பத்திரிகைக்காரங்க வெளிய நிக்கறாங்க. ஒரே ஒரு படம். அந்த சோபாவுல உட்கார்ந்து இன்னொரு தடவை செஞ்சு காட்டேன்..."