நான் சொல்லாமல் விட்ட வரி

ஒரு நடிகரின் மேடை வாழ்க்கையை நான் முடித்து வைத்தேன். வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தே முடித்து வைத்தேன். தெரிந்து, வேண்டுமென்றே செய்தேன்.

முதலிலேயே இதைச் சொல்லிவிடுகிறேன். பின்னால் வருவதைப் படிக்கும்போது உங்களுக்கு என்மேல் இரக்கம் பிறக்கலாம்... அது எனக்கு வேண்டாம்!

அவர் பெயர் கீரன். கேட்டால் நம் பக்கத்துப் பெயர் போலத்தான் இருக்கும். ஆனால் அயர்லாந்தின் மேற்குக் கடற்கரையில் ஒரு கசாப்புக் கடைக்காரரின் ஐந்தாவது மகனாகப் பிறந்தவர். பதினாறு வயதில், லாரியில் ஊர் ஊராகச் சுற்றும் நாடகக் குழு ஒன்றோடு கிளம்பிப் போய்விட்டார். இளைத்த உடம்பு என்பதால் முதல் இரண்டு வருடமும் பெண் வேடம். பிறகு டப்ளின் மேடைகள், பிறகு லண்டன். லண்டனில் இவர் வாயைத் திறந்தாலே சிரிப்பார்களாம். அந்த உச்சரிப்பை மறைக்க, குளியலறையில் கதவைச் சாத்திக்கொண்டு மாதக்கணக்கில் பயிற்சி செய்ததாகச் சொல்வார்.

சினிமாவும் உண்டு. ஒரு படத்தில் இடைவேளைக்கு முன்பே தூக்கில் தொங்குவார். இன்னொன்றில் குதிரைக்காரர். அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் ஏழு வருடம் பாதிரியாராக வந்தார். அதற்கப்புறம் நியூ ஜெர்சியில் காய்கறி வாங்கப் போனாலும் கிழவிகள் வந்து ஆசி கேட்பார்கள். இவரும் கூச்சமே இல்லாமல் கையை உயர்த்தி ஆசி வழங்குவார்! மனைவி நியூ ஜெர்சிக்காரி. அவர் இறந்த பிறகும் கீரன் ஊர் திரும்பவில்லை.

இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும்? அவர் காதுக்குள் நான் இருந்தேன்.

விளக்குகிறேன். நான் பிரேமா. கோபிச்செட்டிபாளையத்துக்காரி. ஆங்கில இலக்கியம் படித்தவள். கணவர் செந்திலின் வேலைக்காக நியூ ஜெர்சியின் ஈஸ்ட் பிரன்ஸ்விக் வந்தோம். கணவரோடு வரும் மனைவிக்குத் தரும் எச்-ஃபோர் விசாவில் நான் சம்பளத்துக்கு வேலை பார்க்கக் கூடாது. மகள் யாழினி இங்கேயே பிறந்து, பள்ளிக்கும் போகத் தொடங்கிய பிறகு, வீட்டுச் சுவர்களைப் பார்த்து அலுத்துப்போய், பக்கத்து ஊரிலிருந்த ஒரு சிறிய நாடக அரங்கில் தொண்டு செய்யப் போனேன். டிக்கெட் கிழித்தேன், நாற்காலி துடைத்தேன். ஒரு நாள் ஒத்திகையில் யாரோ வரவில்லை என்று பிரதியை என் கையில் கொடுத்து, மறந்த வரியை எடுத்துக் கொடுக்கச் சொன்னார்கள். அன்றிலிருந்து அதுவே என் இடம் ஆயிற்று.

கீரன் அங்கே நடிக்க வந்தபோது எண்பதை நெருங்கிக்கொண்டிருந்தார். குரல் அப்படியே இருந்தது. நினைவுதான் வரிகளை நழுவவிட்டது. ஒரு படகோட்டிக் கிழவனின் நாடகம் அது. ஒன்றரை மணி நேரத்தில் பெரும்பகுதி அவரே பேச வேண்டும். ஆகவே அவர் காதில் பட்டாணி அளவில் ஒரு கருவி. மேடைக்குப் பின்னால் சிறு அறையில் நான், என் முன்னால் பிரதி, ஒலிவாங்கி, மேடையைக் காட்டும் ஒரு திரை. அவர் தடுமாறுவதற்கு அரை நொடி முன்பே வரியின் முதல் சொற்களை நான் சொல்லிவிட வேண்டும்.

இயக்குநர், கீரன், நான், ஒலி பார்த்துக்கொள்ளும் டேவ். இந்த நால்வருக்கு மட்டுமே இது தெரியும். பார்க்க வந்தவர்களோ, இந்த வயதில் என்ன ஞாபகசக்தி என்று வியந்து போனார்கள். எனக்கு எவ்வளவு பெருமை தெரியுமா! அவர் மூச்சு எங்கே இழுப்பார், எங்கே திரும்புவார் என்று என் உடம்புக்கே தெரிந்திருந்தது. ஒத்திகை இடைவேளைகளில் என்னோடு தேநீர் குடித்தபடி தன் கதையெல்லாம் சொல்வார். நானும் அவரும் ஒரே கட்சி என்று நினைத்துக்கொண்டேன்...

கடைசிக் காட்சி ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகல். முந்தைய நாள் மதியம் அரங்கின் புரவலர்களுக்கு ஒரு விருந்து. செந்திலையும் யாழினியையும் அழைத்துப் போயிருந்தேன். யாழினிக்கு அப்போது பதினான்கு வயது.

யாரோ கீரனிடம், ஒத்திகைகள் எப்படிப் போயின என்று கேட்டார்கள். அவர் கோப்பையைக் கீழே வைத்தார். முதுகை நிமிர்த்தினார். தலையை லேசாக ஆட்டியபடி என் குரலில் பேச ஆரம்பித்தார்!

ரகரத்தை நான் உருட்டுவது, ‘வாட்டர்’ என்று அழுத்துவது, வரி முடிவில் என் குரல் மேலே ஏறுவது... ஒன்றையும் விடவில்லை. அறுபது வருட நடிகர் அல்லவா! காதுக் கருவியைப் பற்றி வாய் திறக்காமலே, ஒத்திகையில் தனக்கு வரி எடுத்துக் கொடுக்கும் இந்தியப் பெண்மணி என்று என்னை நடித்துக் காட்டினார். அறையே குலுங்கிச் சிரித்தது.

நானும் சிரித்தேன். வேறென்ன செய்வது? சிரித்தபடியே திரும்பினால்... யாழினி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறாள்.

வீடு திரும்பும்போது காரில் செந்தில் சொன்னார்: “உடு பிரேமா. வயசான மனுசன், சும்மா ஜோக் அடிச்சாரு. இதையெல்லாம் போய் சீரியஸா எடுத்துக்குவியா?”

பின் இருக்கையிலிருந்து யாழினி: “கம் ஆன் அம்மா, இட் வாஸ் ஸோ ஃபன்னி. ஹி காட் யூ எக்ஸாக்ட்லி!”

லண்டனில் கீரன் பேச்சைக் கேட்டுச் சிரித்தார்களே... அந்த வலி தெரிந்தவர்தானே? தெரிந்துமா?

மறுநாள் ஞாயிறு. அரங்கு நிறைந்திருந்தது. நாற்பது நிமிடம் என் வேலையை ஒழுங்காகச் செய்தேன். பிறகு அந்த இடம் வந்தது. படகோட்டி தன் மகளைப் பார்த்துச் சொல்ல வேண்டும்: ‘துடுப்பை எடு, மகளே. காற்று நம் பக்கம் திரும்பிவிட்டது.’

திரையில் அவர் கண்கள் நின்றதைப் பார்த்தேன். வரி அவரிடம் இல்லை. என்னிடம் இருந்தது. நாக்கின் நுனியில் இருந்தது!

நான் சொல்லவில்லை.

பத்து நொடி, அவ்வளவுதான் என்று நினைத்தேன். பத்து நொடி என் குரல் இல்லாமல் நின்று பாருங்கள்... இதுதான் என் மனத்தில் ஓடியது. அவர் காதைத் தொட்டார். மகளாக நடித்த பெண் ஏதோ சொல்லிச் சமாளித்தாள். அவர் அவளைப் பார்த்து, நாடகத்தின் முதல் காட்சி வரிகளைப் பேசத் தொடங்கினார். நாலு வரி பேசியதும் மறுபடி நின்றார். மீண்டும் முதல் வரி. சபையில் யாரோ சிரித்தார்கள். யாரோ ‘உஷ்’ என்றார்கள்.

அப்போது அவர் கருவியைக் காதிலிருந்து எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

அதன் பிறகுதான் நான் பேசினேன். பதறிப்போய், வரி வரியாக, பக்கம் பக்கமாகச் சொன்னேன். எல்லாம் அவர் சட்டைப் பைக்குள் போய் விழுந்தன. விளக்கை அணைத்தார்கள்.

இயக்குநர் ஓடி வந்து என்ன ஆயிற்று என்று கேட்டார். “நான் சொல்லிக்கொண்டேதான் இருந்தேன். அவருக்குக் கேட்கவில்லை போலிருக்கிறது” என்றேன். எவ்வளவு எளிதாக வந்தது அந்தப் பொய்!

எல்லோரும் டேவைப் பார்த்தார்கள். “காலையில்தான் புது பேட்டரி போட்டேன்” என்றார் அவர். யாரும் காதில் வாங்கவில்லை. தொழில்நுட்பக் கோளாறு என்று பார்வையாளர்களிடம் வருத்தம் தெரிவித்தார்கள். பதினொரு வருடம் அங்கே வேலை பார்த்த டேவை அடுத்த பருவத்துக்கு அழைக்கவில்லை. கீரனை மூன்று முறை அழைத்தார்கள். அவர் வரவில்லை. எந்த மேடையிலும் பிறகு ஏறவில்லை.

எனக்கோ வேலை அனுமதி வந்தது. ஒரு மருந்து நிறுவனத்தில் ஆவணங்களில் பிழை தேடும் வேலை. பிறர் பிழைகளைச் சிவப்பில் குறித்தே ஐந்து வருடம் ஓட்டினேன்!

சென்ற கோடையில், கல்லூரி விடுமுறைக்கு வந்த யாழினியிடம், கீரன் பிஸ்கட்டவேயில் ஒரு முதியோர் இல்லத்தில் இருக்கிறாராம் என்றேன்.

“ஹூ?” என்றாள்.

“அந்த ஐரிஷ் ஆக்டர்டி. பார்ட்டியில என்னை மாதிரியே பேசிக் காட்டினாரே. நீ கூட விழுந்து விழுந்து சிரிச்சியே...”

அவள் யோசித்தாள். உண்மையாகவே யோசித்தாள். “ஐ டோன்ட் ரிமெம்பர், அம்மா. நான் சிரிச்சேனா? ஸாரி.”

எதற்காக அதைச் செய்தேனோ அது அவளுக்கு நினைவிலேயே இல்லை. அடுத்த சனிக்கிழமை காலை பிஸ்கட்டவேக்குக் காரை எடுத்தேன்.

ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். மிகவும் மெலிந்திருந்தார். என் முகம் அவருக்குத் தெரியவில்லை. “நான் பிரேமா” என்றேன். உடனே கண்களை மூடிக்கொண்டு, “இன்னும் பேசு” என்றார். அரங்கின் பெயரைச் சொன்னேன், படகோட்டி நாடகத்தைச் சொன்னேன். மூடிய கண்களோடு புன்னகைத்தார். “ஆ... நீயா!”

சொல்லிவிட்டேன். ஒரே மூச்சில், எதையும் அழகுபடுத்தாமல் சொன்னேன். கருவி பழுதாகவில்லை, நான்தான் பேசவில்லை, வேண்டுமென்றே பேசவில்லை என்றேன்.

அவர் அதிரவில்லை. “எனக்குத் தெரியும்” என்றார். “நீ பேசவில்லை. ஆனால் அங்கேதான் இருந்தாய். உன் மூச்சு என் காதில் கேட்டுக்கொண்டிருந்தது.”

ஐந்து வருடமும் தெரிந்திருக்கிறது!

“ஏன் யாரிடமும் சொல்லவில்லை?”

“கருவி கெட்டுப்போயிற்று என்றார்கள். கிழவன் மறந்துவிட்டான் என்பதைவிட அது எனக்கு வசதியாக இருந்தது.” போர்வையை முழங்கால்மேல் இழுத்துவிட்டுக்கொண்டார். “முந்தைய நாள் நான் அப்படிச் செய்திருக்கக் கூடாது. எல்லோரும் சிரித்துக்கொண்டே இருந்தார்கள், என்னால் நிறுத்த முடியவில்லை. அது என் தொழில் வியாதி.”

மன்னித்தேன் என்று அவர் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை. தேநீர் வந்தது, குடித்தோம். கிளம்பும்போது, “அந்த ஒலிக்காரர் என்ன ஆனார்?” என்று கேட்டார்.

அந்தப் பொய் எங்கள் இருவருக்கும் தேவைப்பட்டிருந்தது. டேவுக்கு மட்டும்தான் தேவைப்படவில்லை.

அங்கிருந்து நேராக டேவ் வீட்டுக்குப் போனேன். வாசலில் புல் வெட்டிக்கொண்டிருந்தார். இயந்திரத்தை நிறுத்திவிட்டு, நான் சொன்னதை முழுதும் கேட்டார். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை.

“அன்று காலை புது பேட்டரி போட்டிருந்தேன்” என்றார்.

“தெரியும்.”

“அன்றைக்கே சொன்னேன்.”

“ஆமாம். அரங்குக்கு நான் எழுதுகிறேன். எல்லாவற்றையும் எழுதுகிறேன்.”

“எழுது.” கைத்துணியால் நெற்றியைத் துடைத்துக்கொண்டார். பிறகு கேட்டார்: “இப்போது உனக்கு நன்றாக இருக்கிறது, இல்லையா?”

என்ன சொல்வேன்? இல்லை என்று சொல்லியிருக்கலாம். அது மரியாதையாகவும் இருந்திருக்கும். ஆனால் பொய் சொல்ல மாட்டேன் என்றுதானே கிளம்பி வந்தேன்!

“ஆமாம்” என்றேன்.

தலையசைத்தார். குனிந்து கயிற்றை இழுத்தார். இயந்திரம் உறுமியது. அதற்கு மேல் அங்கே நிற்க எனக்கு ஒரு காரணமும் இல்லை.

அரங்குக்கு எழுதிவிட்டேன். பார்ப்பதாக ஒரு வரிப் பதில் வந்தது. டேவிடமிருந்து ஒன்றும் வரவில்லை. வரும் என்று காத்திருக்கும் உரிமையும் எனக்கு இல்லை.

அன்று காரில் வந்து உட்கார்ந்ததும் பசித்தது... அப்படி ஒரு பசி! டேவின் தெருமுனையிலேயே இருந்த ஒரு கடையில் நிறுத்தி, பெரிய சாண்ட்விச் ஒன்று வாங்கி, காருக்குள்ளேயே உட்கார்ந்து முழுவதையும் தின்று தீர்த்தேன். அவ்வளவு ருசியாக நான் சாப்பிட்டுப் பல வருடங்கள் ஆகியிருந்தன. தெருவில் இன்னும் அந்தப் புல்வெட்டி ஓடும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.

இதையும் உங்களிடம் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது.