பஸ்ரியன் சுமந்த மச்சான்

பஸ்ரியனுக்குக் கோபம் கையில்தான் வரும். வாயில் வருகிறவர்கள் ஏசித் தீர்த்துவிடுவார்கள். மனதுக்குள் வைக்கிறவர்கள் நோய் வந்து படுத்துவிடுவார்கள். இவனுக்கு விரல்கள் தாமாகவே மடங்கும். ஊரில் பேசாலைக் கடற்கரையில் கரைவலை இழுத்து உரமேறிய தோள், ரொறொன்ரோவுக்கு வந்து ஒரு பெரிய ஹோட்டலின் லோண்ட்றியில் நனைந்த படுக்கை விரிப்புகளை இழுத்து இழுத்து இன்னும் முறுகிப்போயிருந்தது. கல்யாணம் கட்டவில்லை. சென் ஜேம்ஸ் ரவுணில் ஒற்றை அறை வீடு, ஞாயிற்றுக்கிழமைப் பூசை, வெக்ஸ்போர்ட்டில் தங்கை பிலோமினாவும் அவளுடைய இரண்டு பிள்ளைகளும். அவனுடைய உலகம் அவ்வளவுதான்.

பிலோமினாவின் புருசன் சீமோன். தங்கமான மனுசன் என்று ஊரே சொல்லும். கோயில் பாட்டுக்குழுவில் முன்வரிசை. செத்தவீடு என்றால் முதல் ஆளாக வந்து கதிரை அடுக்குவான். வீட்டுக் கதவைச் சாத்தினால் அது வேறு ஆள். பிலோமினாவின் உதடு வெடித்திருக்கும், மணிக்கட்டு வீங்கியிருக்கும், ஒருமுறை விலா எலும்பு போனது. யார் கேட்டாலும், "பாத்றூமில வழுக்கி விழுந்தனான்" என்பாள். அந்தப் பாத்றூமில் அப்படி என்னதான் எண்ணெய் ஊற்றி வைத்திருந்தார்களோ, சனம் அதை நம்பியது. நம்பிவிட்டால் ஒருவரும் ஒன்றும் செய்யத் தேவையில்லை பாருங்கள்.

பஸ்ரியன் நம்பவில்லை. ஒருநாள் நேரே வெக்ஸ்போர்ட்டுக்குப் போய், கதவைத் திறந்த சீமோனின் மூஞ்சியில் குத்தினான். பக்கத்து வீட்டுக்காரி பொலிசைக் கூப்பிட்டாள். பஸ்ரியனுக்கு விலங்கு, வழக்கு, ஒரு வருடம் அந்த வாசல்பக்கம் போகக்கூடாது என்ற உத்தரவு. சீமோனோ மூக்கில் பஞ்சோடு நீதிமன்றத்துக்கு வந்து, "குடும்பத்துக்குள்ள நடந்தது ஐயா, நான் மன்னிச்சிட்டன்" என்று நல்ல பெயர் வாங்கிக்கொண்டு போனான். அந்த ஒரு குத்துக்கு அன்று பின்னேரம் பிலோமினா வாங்கியது எத்தனை என்று யாருக்கும் தெரியாது. அவள் வழுக்கி விழுந்தாள், அவ்வளவுதான்.

இப்படி இருக்கும்போதுதான் தொண்ணூற்றாறு நத்தார்ப் பண்டிகைக்கு ஹோட்டல் வேலையாட்களின் குலுக்கலில் பஸ்ரியனுக்கு முதல் பரிசு விழுந்தது. வடக்கு வியட்நாம் மலைகளில் வழிகாட்டியோடு நடைப் பயணம், போய்வரப் பத்து நாள், இரண்டு பேருக்கு, எல்லாச் செலவும் உட்பட. லோண்ட்றியே சிரித்தது. நடப்பதற்காக ஒருவன் பிளேனில் ஏறிப் போவானா? ஊரில் செல்லடிக்குப் பயந்து நடந்தது போதாதா? காசாக மாற்றித் தரவும் மாட்டோம் என்றார்கள். பஸ்ரியன் அந்த உறையைச் சமையலறை லாச்சிக்குள் போட்டுவிட்டான்.

அதை வெளியே எடுக்கச் சொன்னவள் பிலோமினா. கோயில் வாசலில், பனி கொட்டிக்கொண்டிருந்த ஒரு ஞாயிறு, சீமோன் கார் எடுக்கப் போன இடைவெளியில் சொன்னாள். கழுத்தைச் சுற்றிச் சால்வை. சால்வைக்கு மேலே மஞ்சளும் ஊதாவுமாக ஒரு தடம்.

"அண்ணை, அந்த ரிக்கற் ரெண்டு பேருக்கெல்லே. இவரைக் கூட்டிக்கொண்டு போங்கோ."

"இவனையோ? என்னத்துக்கு?"

"பத்து நாள் இவர் அந்த வீட்டில இருக்கக்கூடாது. வேறை ஒண்டும் உங்களிட்டக் கேக்கேல்லை."

கார் வந்துவிட்டது. அவள் கேட்டது பத்து நாள். மிச்சத்தை பஸ்ரியன் தானாகவே சேர்த்துக்கொண்டான். அந்த மலைகளில் அவசரத்துக்கு அழைக்க நம்பர் கிடையாது, பக்கத்து வீட்டுக்காரி கிடையாது, நீதவான் கிடையாது. அங்கே வைத்து இவனுக்குப் படிப்பிக்கவேண்டியதைப் படிப்பித்தால், திரும்பி வந்து ஒரு விரல் நீட்டமாட்டான். மாசி முழுவதும் லோண்ட்றியில் விரிப்பு இழுக்கும்போது இதைத்தான் நினைத்தான். நினைக்க நினைக்க உடம்பில் ஒரு சுகம் பரவியது. அதையும் மறைப்பதற்கில்லை.

சீமோனுக்கு ஓசி என்றால் எமலோகமும் சரி, மூக்கில் குத்தியவனோடு என்றாலும் சரி. புதுச் சப்பாத்து வாங்கி, கோயிலில் எல்லாருக்கும் காலைத் தூக்கிக் காட்டினான்.

வழிகாட்டியின் பெயர் துவான். நல்ல ஆங்கிலம் பேசும், சிரிக்காத இளைஞன். கூட, ரொறொன்ரோவுக்கு வடக்கே சட்பரியிலிருந்து வந்த ஒரு ஓய்வுபெற்ற தம்பதி. பொதி சுமக்க ஒரு மட்டக்குதிரை. அதை நடத்தி வந்தவள் கறுநீலச் சட்டை போட்ட ஒரு மலைநாட்டுப் பெண், நாற்பது வயதிருக்கும். அவளுக்கும் இவர்களுக்கும் பொதுவான பாசை ஒன்றுகூட இல்லை. உழவுக்குத் தண்ணீர் கட்டிய படிவயல்கள், அவற்றுக்கு நடுவில் ஒற்றையடி வரம்பு, வலப்பக்கம் மலை, இடப்பக்கம் பள்ளம். கால் புதைகிற சேறு, முகத்துக்கு முன்னால் தொங்குகிற பனிப்புகார். மாலையானால் மரக்கால்களில் நின்ற வீடுகளில் தங்கல், விறகுப் புகை, சோற்றுச் சாராயம்.

இரண்டாவது ஊரில் ஒரு கல்யாணத்துக்குப் பன்றி அடித்தார்கள். சட்பரிக்காரி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். சீமோன் சட்டைக் கையை மடித்துக்கொண்டு போய்ப் பின்னங்கால்களை அமுக்கிப் பிடித்தான். கத்தி கழுத்தில் இறங்கியது. பன்றி ஊர் அதிரக் கத்தியது. இரத்தம் பாத்திரத்துக்குள் கொதித்து விழுந்தது. உதறல் நின்ற பிறகும் சீமோன் பிடியை விடவில்லை. எவ்வளவு அமுக்கினால் எது அசையாது என்று தெரிந்த கைகள் அவை. பஸ்ரியனுக்குச் சால்வைக்கு மேல் தெரிந்த அந்தத் தடம் நினைவுக்கு வந்தது. பொறு, இன்னும் கொஞ்சம் தள்ளிப் போகட்டும் என்று தன் கைக்குச் சொன்னான்.

அடுத்த நாள் ஏற்றத்தில் குதிரை நின்றுவிட்டது. துவானும் தம்பதியும் திருப்பத்துக்கு அப்பால் போய்விட்டார்கள். அந்தப் பெண் குதிரையின் காதுக்குள் ஏதோ சொல்லித் தட்டிக்கொடுத்தாள். சீமோனுக்கு அவசரம். மூங்கில் தடியால் குதிரையின் முகத்தில் விளாசினான். ஒன்று, இன்னொன்று, கண்ணுக்குக் கீழே தோல் பிளந்தது. பெண் குறுக்கே பாய்ந்தாள். அவளையும் முழங்கையால் தள்ளிவிட்டுத் திரும்பவும் அடித்தான். குதிரை ஒரு அடி எடுத்து வைத்தது.

சீமோன் பஸ்ரியனைப் பார்த்துச் சிரித்தான். "பாத்தியே மச்சான். உன்ர தங்கச்சி மாதிரித்தான். ரெண்டு குடுத்தால்தான் நகரும்."

பஸ்ரியன் மாசி முழுவதும் பாடமாக்கி வைத்திருந்த ஒரு வசனமும் வாயில் வரவில்லை. முதல் குத்து தாடையில். இரண்டாவது வாயில், பல் ஒன்று கழன்று பஸ்ரியனின் கைமுட்டியைக் கிழித்தது. சீமோன் தடியை ஓங்கினான். பஸ்ரியன் அதைப் பிடுங்கி முழங்காலில் வைத்து முறித்து, முறித்த துண்டாலேயே அடித்தான். தோளில், முதுகில், குனிந்த தலையில். "ஐயோ மச்சான், விடு" என்று சீமோன் கத்தினான். அந்தக் கத்தல் பஸ்ரியனுக்கு இனித்தது. சட்டையைப் பிடித்துத் தூக்கி ஒரு தள்ளுத் தள்ளினான். சீமோன் வரம்பிலிருந்து கீழ் வயலின் கல்லணையில் போய் விழுந்தான். காய்ந்த விறகு முறிகிற சத்தம் ஒன்று கேட்டது. கணுக்காலுக்கு மேலே கால் தப்பான பக்கம் திரும்பிக் கிடந்தது.

துவான் ஓடிவந்தான். அந்தப் பெண்ணிடம் அவள் பாசையில் விசாரித்தான். பஸ்ரியனின் கைமுட்டியைப் பார்த்தான். ஏன் என்று கேட்கவில்லை. கார் வருகிற ரோட்டுக்கு ஒன்றரை நாள் நடை என்று மட்டும் சொன்னான். குதிரையில் ஏற்றலாமா என்று சட்பரிக்காரர் கேட்டதும், அந்தப் பெண் கயிற்றைத் தன் கையில் இறுக்கிச் சுற்றிக்கொண்டு நின்றாள். அதை மொழிபெயர்க்கத் தேவையிருக்கவில்லை.

அந்தப் பக்கத்தில் நோயாளியைத் தொட்டில் மாதிரித் துணி ஏணையில் போட்டு, நீள மூங்கிலில் தொங்கவிட்டு, இரண்டு பேர் தோளில் சுமப்பார்களாம். ஊர் ஆண்கள் உழவில் நின்றார்கள், ஒருவன்தான் கிடைத்தான். அவன் முன்முனையைத் தூக்கினான். துவான் பின்முனையைக் காட்டி, "முறித்தவர் பிடியுங்கள்" என்றான்.

அப்படித்தான் பஸ்ரியன் மச்சானைச் சுமந்தான். மூங்கில் தோளை அறுத்தது. சேற்றில் கால் வைக்கிற ஒவ்வொரு தடவையும் ஏணை ஆடியது, ஆடிய ஒவ்வொரு தடவையும் சீமோன் அலறினான், தூசணத்தால் ஏசினான், ஒருமுறை துப்பினான். துடைக்கக் கை இல்லை. எச்சில் முகத்திலேயே காய்ந்தது. பிறகு தண்ணீர் கேட்டு அழுதான். பஸ்ரியன் நிறுத்தித் தண்ணீர் பருக்கினான்.

இறக்கத்தில் சீமோன் அமைதியானான். "பொலிசுக்குச் சொல்லமாட்டன், பயப்பிடாதை" என்றான். "வீட்டை போய்ச் சேந்தால் காணும். பிலோமினா பாப்பாள். அவளை விட்டா எனக்கு ஆர்?"

அப்போதும் பஸ்ரியனுக்குப் புரியவில்லை. மரமண்டை.

ரொறொன்ரோ விமான நிலையத்தில் பிலோமினா இல்லை. கோயில் சபைத் தலைவர் அமிர்தநாதர்தான் நாலு பேரோடு நின்றார். சக்கர நாற்காலியில் சீமோனைக் கண்டதும் அவருக்குக் கண் கலங்கிவிட்டது. அந்தப் பத்து நாளில் பிலோமினா பிள்ளைகளையும் உடுப்புகளையும் எடுத்துக்கொண்டு றெக்ஸ்டேலில் ஒரு அப்பார்ட்மென்ருக்குப் போய்விட்டிருந்தாள். ஒருவருக்கும் சொல்லாமல் மாதக்கணக்காகத் திட்டம் போட்டிருந்தாள். அவளுக்கு அண்ணனின் குத்து தேவைப்படவில்லை, சீமோன் இல்லாத வீடு மட்டுமே தேவைப்பட்டது. சுகதேகியான ஒருவனை விட்டுப் போயிருந்தால் சனம் ஒரு மாதம் கதைத்துவிட்டு ஓய்ந்திருக்கும். கால் முறிந்தவனை விட்டுப் போவதென்றால் அது வேறு கதை.

அடுத்த நாளே அமிர்தநாதர் முகவரியைக் கண்டுபிடித்து, சீமோனையும் உருட்டிக்கொண்டு போய் அங்கே இறங்கிவிட்டார். பிலோமினா அண்ணனுக்குப் போன் பண்ணினாள். சத்தம் போடவில்லை. "நான் பத்து நாள்தான் கேட்டனான் அண்ணை" என்றாள். "இஞ்சை வந்து இருக்கினம். நான் திரும்பிப் போக சூட்கேசை எடுத்து வைச்சிட்டன்."

பஸ்ரியன் போனபோது வரவேற்பறை நிரம்பியிருந்தது. பிள்ளைகள் இரண்டும் கட்டிலறைக் கதவிடுக்கால் பார்த்துக்கொண்டிருந்தன.

"பிள்ளை, பிழை சரி பிறகு பாப்பம்" என்று அமிர்தநாதர் சொல்லிக்கொண்டிருந்தார். "முதல்ல உந்த மனுசன் எழும்பி நடக்கட்டும். நீர் வீட்டை வாரும்."

"அந்தக் காலை முறிச்சது நான்" என்றான் பஸ்ரியன். "தடியால அடிச்சு, தள்ளி விழுத்தினனான். எனக்குத்தான் பார்க்கிற கடமை. இவர் என்னோடை வரட்டும்."

எல்லாரும் சீமோனைப் பார்த்தார்கள். மச்சான்காரனிடம் அடி வாங்கிக் கதறினேன் என்று எந்தத் தங்கமான மனுசன் சபையில் சொல்வான்? காது சிவந்து, கண்ணைத் தாழ்த்திக்கொண்டு, "இல்லை. வழுக்கி விழுந்தனான்" என்றான்.

பிலோமினா அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். எத்தனையோ வருடமாகத் தான் சொல்லி வந்ததை வேறொரு வாயிலிருந்து கேட்டபோது அவளுக்கு அது எவ்வளவு கேவலமான பொய் என்று தெரிந்தது. சூட்கேசைத் தூக்கிக்கொண்டு போய் அறைக்குள் வைத்தாள்.

"அண்ணை கூட்டிக்கொண்டு போகட்டும்" என்றாள். "எனக்கு வேலைக்கு நேரமாகுது."

அப்படி சீமோன் சென் ஜேம்ஸ் ரவுணுக்கு வந்தான். கட்டில் அவனுக்கு, தரை பஸ்ரியனுக்கு. வேலைக்குப் போகுமுன் பஸ்ரியன் அவனைக் கழிப்பறைக்குத் தூக்கிக்கொண்டு போனான், கழுவிவிட்டான், சோறு குழைத்து வைத்தான். நன்றியா? சோற்றில் உப்பில்லை என்று கோப்பை பறந்தது. ரீ சூடில்லை என்று கேத்தில் பறந்தது. சித்திரையில் ஒருநாள், ரீவி றிமோட்டை எடுத்துக் கொடுக்கச் சுணங்கியதற்கு, ஊன்றுகோலைச் சுழற்றி பஸ்ரியனின் நெற்றியில் அடித்தான். புருவம் பிளந்தது. இரத்தம் கண்ணுக்குள் இறங்கியது.

பஸ்ரியனின் விரல்கள் மடங்கின. சமையலறைக்குப் போய்த் தொட்டியின் விளிம்பை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றான். ஒரு குத்துப் போதும். ஆனால் இன்னொரு எலும்பு முறிந்தால் அமிர்தநாதர் இன்னொரு தடவை றெக்ஸ்டேலுக்குப் போவார். அதோடு, இது அவனுக்கு வந்த அடி இல்லை. பிலோமினாவுக்கு விழவேண்டியது, விலாசம் மாறி இங்கே வந்திருக்கிறது. மாறியே வரட்டும் என்று நினைத்தான். அப்படி நினைத்தபோது அழுகை வந்தது. தண்ணீரைத் திறந்துவிட்டு அழுதான்.

அந்த ஞாயிறு கோயில் வாசலில் பிலோமினா பிள்ளைகளோடு நின்றாள். வெயில் வந்துவிட்டதால் கழுத்தில் சால்வை இல்லை, தடமும் இல்லை. அண்ணனின் புருவத்தில் போட்டிருந்த தையலைப் பார்த்தாள்.

"என்ன அண்ணை நெத்தியில?"

"வழுக்கி விழுந்தனான்."

பிலோமினா அவனுடைய வீங்காத கைகளையும் பார்த்தாள்.

"பாத்றூமிலயோ?" என்று கேட்டாள்.

"ஓம்" என்றான் பஸ்ரியன்.